பக்கத்து மனைக்காரர் இரண்டடி ஏறிக் கட்டிவிட்டார், பத்திரமே செல்லாது என்கிறார்: ஸ்டே வாங்கினால் போதுமா?

கேள்வி இதுதான். 1994-ல் அப்பா பெங்களூர் ஹொரமாவு பக்கம் ஒரு ரெவின்யூ லேஅவுட்டில் (விவசாய நிலத்தை முறையான அங்கீகாரம் இல்லாமல் பிரித்த மனைப்பிரிவில்) 30-க்கு 40 மனை வாங்கினார். இப்போது கிழக்குப் பக்கத்து மனைக்காரர் இரண்டடி உள்ளே தள்ளி காம்பவுண்டு எழுப்பிவிட்டார். தட்டிக் கேட்டால், "உங்கப்பாவுக்கு வித்தவனுக்கே அந்த நிலத்துல உரிமை இல்ல" என்கிறார். கத்தா அப்பா பெயரில் இருக்கிறது, வரியும் கட்டி வருகிறார்கள். ஸ்டே வாங்கினால் போதுமா, எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

ஸ்டே மட்டும் போதாது. நீங்கள் ஒரே தகராறு என்று எழுதியிருக்கிறீர்கள், அதற்குள் இரண்டு இருக்கின்றன. மதில் எந்தக் கோட்டில் வர வேண்டும் என்பது எல்லைத் தகராறு, அளந்து தீர்ப்பது. அப்பாவுக்கு விற்றவருக்கு விற்க உரிமை இருந்ததா என்பது உரிமைத் தகராறு. பத்திரத் தொடரைப் பார்த்துத் தீர்ப்பது. கேட்கும் பரிகாரம், கட்டும் கோர்ட் ஃபீஸ், காலக்கெடு, சாட்சியம் எல்லாமே இரண்டுக்கும் வேறு. இதைப் பிரிக்காமல் போடும் வழக்குதான் பத்து வருடம் ஓடி, "வாதி கேட்க வேண்டிய பரிகாரத்தைக் கேட்கவில்லை" என்று தள்ளுபடி ஆகிறது.

முதலில் கத்தா. தமிழ்நாட்டில் பட்டாவோடு பழகிய குடும்பங்கள் பெங்களூரில் கத்தாவை அதே இடத்தில் வைத்துப் பார்க்கின்றன. கத்தா என்பது யாரிடம் சொத்து வரி வாங்குவது என்பதற்கான மாநகராட்சிக் கணக்கு. ஏ கத்தா, பி கத்தா, இப்போதைய இ-கத்தா எதுவானாலும் அது உரிமையை உண்டாக்காது. விவசாய நிலத்துக்கான பஹணி என்னும் வருவாய்ப் பதிவும் அப்படித்தான். கர்நாடக நில வருவாய்ச் சட்டத்தின் 133-ம் பிரிவுப்படி, மாறாக நிரூபிக்கப்படும் வரை அந்தப் பதிவு சரி என்று அனுமானிக்கலாம், அவ்வளவுதான். உரிமை வருவது பதிவான கிரயப் பத்திரம், பாகப்பிரிவினை, உயில், அரசு வழங்கல், கோர்ட் டிக்ரி ஆகியவற்றிலிருந்து. ஆனாலும் வரி ரசீதுகளைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். 1994 முதல் தொடர்ச்சியான ரசீது, மின் இணைப்பு, பழைய புகைப்படம் எல்லாம் உங்கள் அனுபவத்தை, அதாவது இடம் உங்கள் கைவசம் இருப்பதை, காட்டும் சான்றுகள். அனுபவமும் உரிமையும் இரண்டு தனி விஷயங்கள். வழக்கில் இரண்டையும் தனித்தனியாக நிரூபிக்க வேண்டும்.

அடுத்து பத்திரத் தொடர். வக்கீலைப் பார்க்கும் முன்பே சேகரிக்க வேண்டியவை: உங்கள் கிரயப் பத்திரம், அதற்கு முந்தைய தாய்ப் பத்திரங்கள், வில்லங்கச் சான்று, பஹணி, மியூட்டேஷன் (பெயர் மாற்ற) நகல், அந்த சர்வே எண்ணின் டிப்பணி (அளவைக் குறிப்பு), ஆகார்பந்து (பரப்புப் பதிவேடு), கிராம வரைபடம், விவசாய நிலம் வேறு பயன்பாட்டுக்கு மாற்றப்பட்டிருந்தால் மாவட்ட கமிஷனரின் (டிசி) கன்வர்ஷன் உத்தரவு, லேஅவுட் வரைபடம். பதிவுத் துறையின் காவேரி இணையதளத்தில் வில்லங்கம் பொதுவாக 2004 ஏப்ரல் முதல்தான் கிடைக்கும். அதற்கு முந்தையதை சார்பதிவாளர் அலுவலகத்தில் கைப்புத்தகத்தில் தேடச் சொல்லி மனுக் கொடுக்க வேண்டும். படிவம் 15-ல் நடவடிக்கைகள் வரும், ஒன்றுமே இல்லையென்றால் படிவம் 16 தருவார்கள். படிவம் 16 வந்ததும் நிம்மதியாகிவிடக் கூடாது. சர்வே எண்ணையோ மனை எண்ணையோ நீங்கள் தவறாகக் கொடுத்திருந்தாலும் அதேதான் வரும். பதிவாகாத ஒப்பந்தம், உயில், வாய்மொழிப் பாகம், நடந்துகொண்டிருக்கும் வழக்கு எதுவும் வில்லங்கத்தில் தெரியாது. வழக்கு இருக்கிறதா என்று இ-கோர்ட்ஸ் தளத்தில் பழைய உரிமையாளர் பெயரைப் போட்டுத் தனியே தேடுங்கள்.

ரெவின்யூ லேஅவுட்டில் ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தே தீர வேண்டும். 1 ஏக்கர் 40 குண்டா, ஒரு குண்டா 1089 சதுர அடி. விற்றவருக்கு 2 ஏக்கர் 10 குண்டா இருந்தது என்று வையுங்கள்: 98,010 சதுர அடி. அதில் 1200 சதுர அடி மனைகள் 80 விற்றிருந்தால் 96,000 சதுர அடி போய்விட்டது. மிச்சம் 2,010. அதற்குள் சாலை, சாக்கடை எதுவும் அடங்காது. அப்படியானால் ஒன்று, காகிதத்தில் இருக்கும் மனைகள் எல்லாம் தரையில் இல்லை. அல்லது பக்கத்து சர்வே எண்ணுக்குள் லேஅவுட் வழிந்திருக்கிறது. அல்லது பி-கராபு எனப்படும் பொது நிலத்தை, அதாவது பாதை, ராஜகால்வாய், ஏரிக்கரை போன்றதை, மனையாக்கி விற்றிருக்கிறார்கள். பி-கராபு அரசுடையது, எத்தனை கை மாறினாலும் தனியாருக்கு உரிமை வராது. உங்கள் லேஅவுட்டில் கணக்கு இப்படி இடித்தால், தகராறு பக்கத்து வீட்டுக்காரரோடு நிற்காது.

தொடரில் அடிக்கடி உடையும் இடங்களையும் சொல்லிவிடுகிறேன். தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கு அரசு வழங்கிய நிலம் அனுமதியின்றி விற்கப்பட்டிருந்தால், 1978-ம் ஆண்டின் பிடிசிஎல் சட்டப்படி அந்த விற்பனை செல்லாது. மீட்பு மனுவை உதவி கமிஷனர் விசாரிப்பார், 2023 திருத்தத்துக்குப் பிறகு அதற்குக் காலக்கெடுவும் இல்லை. பெங்களூர் வளர்ச்சி ஆணையத்தின் (பிடிஏ) கையகப்படுத்தும் அறிவிப்புக்குப் பிறகு பழைய உரிமையாளரிடம் வாங்கியது இன்னொரு ஆபத்து. குடும்பச் சொத்தில் மகள்கள் கையெழுத்து இல்லாமல் அண்ணன் தம்பிகள் மட்டும் விற்றது மூன்றாவது. வெறும் ஜிபிஏவும் (பொது அதிகாரப் பத்திரமும்) ஒப்பந்தமும் வைத்துக்கொண்டு உரிமை கேட்க முடியாது என்று சுப்ரீம் கோர்ட் சூரஜ் லாம்ப் வழக்கில் 2011-ல் தெளிவாகச் சொல்லிவிட்டது.

நம் வீடுகளில் இன்னொரு சிக்கல், பெயர். பத்திரத்தில் முனுசாமி, கத்தாவில் முனிசாமப்பா, ஆதாரில் இன்ஷியலோடு வேறொரு எழுத்து. எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணையில் கேட்கும் முதல் கேள்விகளில் இது ஒன்றாக இருக்கும். அப்பா காலமாகியிருந்தால் இறப்புச் சான்றும் வம்சாவளிச் சான்றும் வாங்கி, எல்லா வாரிசுகளையும் வழக்கில் சேருங்கள். சேலத்தில் இருக்கும் அக்காவை விட்டுவிட்டால் வழக்கு அங்கேயே நொண்டும். கன்னடப் பத்திரத்தின் சக்குபந்தியை (நான்கெல்லை விவரத்தை) ஒருவரை வைத்து வரி வரியாகப் படிக்கச் சொல்லுங்கள். கிழக்கும் மேற்கும் இடம் மாறி எழுதப்பட்ட பத்திரங்கள் ஏராளம். விற்றவர் ஒத்துழைத்தால் திருத்தல் பத்திரம் போடலாம்; மறுத்தால் ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டத்தின் 26-ம் பிரிவில் கோர்ட் வழியாகத் திருத்தம் கேட்க வேண்டும்.

இதெல்லாம் கையில் வந்ததும் வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள். மிரட்டுவதற்காக இல்லை, பதில் வாங்குவதற்காக. "உங்கள் உரிமைக்கு அடிப்படை எந்தப் பத்திரம், எந்தத் தேதி" என்று நேராகக் கேளுங்கள். காரணம், அனதுல சுதாகர் வழக்கில் 2008-ல் சுப்ரீம் கோர்ட் வகுத்த விதி. உங்கள் அனுபவத்துக்கு இடையூறு மட்டும் என்றால் உறுத்துக்கட்டளை (இன்ஜங்ஷன்) வழக்கு போதும். எதிராளி கையில் ஒரு பத்திரத்தைக் காட்டி உங்கள் உரிமை மேல் சந்தேக நிழல் விழச் செய்தால், உரிமை விளம்புகையும், அதாவது உரிமை உங்களுடையது என்ற கோர்ட் அறிவிப்பும், சேர்த்துக் கேட்க வேண்டும். இடத்தை இழந்துவிட்டீர்கள் என்றால் சுவாதீனமும், அதாவது இடத்தைத் திரும்ப ஒப்படைக்கவும், கேட்க வேண்டும். எந்த ஆதாரமும் இல்லாத ஒருவர் சும்மா "உனக்கு உரிமை இல்லை" என்பது நிழல் ஆகாது. அவர் சொல்வது வெறும் வாய்ப்பேச்சா, பத்திரமா என்பதை நோட்டீஸின் பதிலே காட்டிவிடும்.

பலர் ஏன் வெறும் உறுத்துக்கட்டளை வழக்கோடு நின்றுவிடுகிறார்கள் என்றால், கோர்ட் ஃபீஸ். கர்நாடக கோர்ட் ஃபீஸ் சட்டத்தில் விளம்புகையோடு உறுத்துக்கட்டளை கேட்டால் சொத்தின் சந்தை மதிப்பில் பாதிக்குக் கட்ட வேண்டும். விளம்புகையோடு சுவாதீனம் கேட்டால் முழு மதிப்புக்கும். பெங்களூர் மதிப்பில் அது சின்னத் தொகை அல்ல. ஆனால் அதை மிச்சம் பிடித்தால் பின்னால் முழு வழக்கையும் இழக்க நேரும். ஏற்கெனவே தவறாகப் போட்டிருந்தால், சாட்சி விசாரணை தொடங்கும் முன்பே பிராதை (வழக்குரையை) திருத்த மனுப் போடுங்கள். விசாரணை தொடங்கிய பிறகு, இவ்வளவு நாள் ஏன் கேட்கவில்லை என்று நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில்.

உங்கள் விஷயத்தில் பிராது இப்படி அமைய வேண்டும். ஏ ஷெட்யூல் (சொத்து விவரப் பட்டியல்): முழு மனை, 30-க்கு 40, நான்கு எல்லைகளோடு. பி ஷெட்யூல்: ஆக்கிரமிக்கப்பட்ட துண்டு மட்டும், கிழக்கு மேற்காக 2 அடி, வடக்கு தெற்காக 40 அடி, 80 சதுர அடி, அதற்கும் தனி எல்லைகள், கூடவே ஒரு வரைபடம். ஏ ஷெட்யூலுக்கு உரிமை விளம்புகை, பி ஷெட்யூலுக்கு மதிலை அகற்றிச் சுவாதீனம், மீதி இடத்துக்கு நிரந்தர உறுத்துக்கட்டளை. பி ஷெட்யூல் இல்லாத பிராதில் நீங்கள் ஜெயித்தாலும், எந்த இடத்தை இடிப்பது என்று தெரியாமல் டிக்ரியை நிறைவேற்ற வரும் கோர்ட் அமீன் திரும்பிப் போய்விடுவார்.

காலக்கெடு விஷயத்தில் கவனமாக இருங்கள். மதிலை அகற்றக் கட்டாய உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டால் மூன்று ஆண்டு. உரிமை அடிப்படையில் சுவாதீனம் கேட்டால், எதிராளியின் அனுபவம் எதிரிடையாக மாறிய நாளிலிருந்து 12 ஆண்டு. அதனால்தான் சுவாதீனம் என்ற சொல் பிராதில் இருக்க வேண்டும். 12 ஆண்டு வெளிப்படையாக, இடைவிடாமல், உங்களுக்கு எதிராக அவர் அந்தத் துண்டை வைத்திருந்தால் உங்கள் உரிமையே அழிந்துவிடும். மதில் எழுந்து ஆறு மாதம் ஆகவில்லை என்றால் ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டத்தின் 6-ம் பிரிவில், உரிமை பற்றிய விசாரணை இல்லாமலே, பறிபோன சுவாதீனத்தை மீட்கக் கேட்கலாம். ஆனால் அவர் உரிமையையே கிளப்பியிருப்பதால் அந்தச் சண்டை மறுபடி வரும். "முப்பது வருடமாக நாங்கள்தானே இருக்கிறோம், எதிரிடை அனுபவம் என்று நாமே கேட்கலாமே" என்று சிலர் சொல்வார்கள். 2019 முதல் வாதியாகவும் அதைக் கேட்க முடியும் என்பது சரி. ஆனால் அதைக் கேட்பவர் எதிராளியை உரிமையாளர் என்று ஒப்புக்கொண்டு பேச வேண்டியிருக்கும். நல்ல பத்திரம் வைத்திருப்பவர் அந்த வழிக்குப் போகத் தேவையில்லை.

சொத்து எங்கே இருக்கிறதோ அங்கேதான் வழக்கு. மாநகர எல்லைக்குள் என்றால் கெம்பேகவுடா சாலையில் உள்ள சிட்டி சிவில் கோர்ட். 1979-ம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த இதற்கு மதிப்பு உச்சவரம்பு இல்லை, முதல் அப்பீல் நேராக ஹைகோர்ட்டுக்கு, 90 நாளுக்குள். ஆனேக்கல், தேவனஹள்ளி, நெலமங்கலா பக்கமென்றால் அந்தந்த ஊர் சிவில் ஜட்ஜ் கோர்ட். மியூட்டேஷன் தவறு மட்டும்தான் குறை என்றால் அது வருவாய்த் துறை வேலை: உதவி கமிஷனரிடம் நில வருவாய்ச் சட்டத்தின் 136-ம் பிரிவு அப்பீல். உரிமையைத் தீர்க்கும் அதிகாரம் அவர்களுக்கு இல்லை. பிரதிவாதி அரசு என்றால் சிவில் நடைமுறைச் சட்டம் 80-ம் பிரிவுப்படி இரண்டு மாத முன்-நோட்டீஸ் வேண்டும்.

எதிராளி முந்திக்கொண்டு ஒருதலைப்பட்ச ஸ்டே வாங்கிவிடுவார் என்று பயந்தால் கேவியட் (என்னைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்ற முன்மனு) போடுங்கள்; 90 நாள் உயிர், அதற்குப் பிறகு புதுப்பிக்க வேண்டும். நீங்கள் ஒருதலைப்பட்சமாக ஸ்டே வாங்கினால், மனுவும் ஆவண நகல்களும் உடனே எதிராளிக்குப் பதிவுத் தபாலில் போக வேண்டும், அதற்கான பிரமாணப் பத்திரம் அன்றோ மறுநாளோ தாக்கலாக வேண்டும். இதைச் செய்யாததால் நல்ல ஸ்டேக்கள் உடைந்திருக்கின்றன. ஏற்கெனவே எழுந்துவிட்ட மதிலை ஸ்டே இடிக்காது. மேற்கொண்டு கட்டுவதைத்தான் நிறுத்தும்.

இனி அளவை. எல்லை வழக்கின் உயிர் இங்கேதான் இருக்கிறது. பழைய டிப்பணிகள் 33 அடிச் சங்கிலியில் அளந்தவை. ஒரு சங்கிலி 16 அணா, ஓர் அணா இரண்டடிக்குச் சற்று மேல். ஒரு சங்கிலிச் சதுரம்தான் ஒரு குண்டா. ஆகவே அரையணாப் பிசகினாலே ஓரடி நகர்ந்துவிடும். இரண்டங்குலச் சண்டையை டிப்பணி வைத்துத் தீர்க்க முடியாது. இரண்டடிச் சண்டையைத் தீர்க்கலாம், ஆனால் ஒழுங்காக அளந்தால் மட்டும். இன்னொன்று: சர்வே துறையின் பதிவில் சர்வே எண்ணுக்கும் அதன் உட்பிரிவான ஹிஸ்ஸாவுக்கும்தான் எல்லை உண்டு. ரெவின்யூ லேஅவுட்டின் 14-ம் நம்பர் மனைக்கு அங்கே கோடு கிடையாது. முதலில் சர்வே எண்ணின் வெளி எல்லையை நிறுத்தி, அங்கிருந்து லேஅவுட் வரைபடத்தின்படி உள்ளே வர வேண்டும். ஹிஸ்ஸா பிரிந்தும் களத்தில் போடி (உட்பிரிவு அளவை) ஆகாமல் இருந்தால் உள் எல்லையே பதிவில் இருக்காது. அதையும் முன்கூட்டியே பார்த்துவிடுங்கள்.

கோர்ட்டில் இதற்கு சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 26 ரூல் 9-ல், இடத்துக்குப் போய் அறிக்கை தரும் கோர்ட் கமிஷனரை நியமிக்க மனு. "சாட்சியம் திரட்டக் கமிஷனரைக் கேட்கிறார்கள்" என்று எதிர்த்தரப்பு ஆட்சேபிக்கும். சில சமயம் சாட்சி விசாரணைக்குப் பிறகு பார்க்கலாம் என்று கோர்ட்டும் தள்ளும். எல்லை நிர்ணயமே பிரச்சினை என்னும்போது கமிஷனரை அனுப்புவதுதான் முறை என்று ஹரியானா வக்ஃபு வாரிய வழக்கில் 2008-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னதைக் காட்டலாம். இடத்தைப் பார்த்துவிட்டு வர ஒரு வக்கீல் கமிஷனர் போதும். அளக்க சர்வேயரோ ஏடிஎல்ஆரோ (நில ஆவண உதவி இயக்குநரோ) வேண்டும் என்று மனுவிலேயே கேளுங்கள்.

கமிஷனருக்குக் கொடுக்கும் குறிப்பாணையை ஏனோதானோ என்று எழுதினால் அறிக்கையும் அப்படியே வரும். எழுத வேண்டியது இது: சர்வே எண்ணின் டிப்பணி, ஆகார்பந்து, கிராம வரைபடம், லேஅவுட் வரைபடம், இரு தரப்புப் பத்திரங்கள் எல்லாவற்றையும் வைத்து அளக்க வேண்டும், இரு தரப்புக்கும் பக்கத்து மனைக்காரர்களுக்கும் தேதி குறித்து நோட்டீஸ் தர வேண்டும், யாரும் மறுக்காத நிலைப் புள்ளிகளிலிருந்து, அதாவது பழைய எல்லைக்கல், மூன்று கிராம எல்லைகள் சந்திக்கும் முச்சந்தி, இவற்றில் குறைந்தது மூன்றிலிருந்து தொடங்க வேண்டும், ஏறிய பகுதியைக் கோடிட்டு, நான்கு பக்க அளவோடு வரைபடத்தில் காட்ட வேண்டும். தகராறு மதிலின் இரு பக்கமும் மட்டும் டேப் பிடித்து, "வாதியின் இடம் 28 அடி" என்று எழுதும் அறிக்கையால் பயனில்லை. உங்கள் மேற்கு எல்லையே இரண்டடி நகர்ந்திருக்கலாம் அல்லவா? வரிசையிலுள்ள எல்லா மனைகளையும், இரு முனைச் சாலைகளையும் சேர்த்து அளந்தால்தான் யார் இடத்தில் குறைவு, யார் இடத்தில் மிகை என்று தெரியும். அறிக்கை பாதகமாக வந்தால் ஆட்சேபணை தாக்கல் செய்து, கமிஷனரைக் கூண்டில் ஏற்றிக் கேளுங்கள். ஆட்சேபிக்காமல் விட்ட அறிக்கை அப்படியே நின்றுவிடும்.

பத்திரத்தில் பரப்பளவும் நான்கெல்லையும் முரண்பட்டால் பொதுவாக எல்லை விவரத்துக்கே முன்னுரிமை. ஆனால் "கிழக்கே காலி இடம்" என்று எழுதிய பத்திரத்துக்கு இந்த விதி கைகொடுக்காது. லேஅவுட் வரைபடமும் பக்கத்துக்காரர் பத்திரமும்தான் அப்போது பேசும்.

சாட்சியத்தில் இரண்டு சங்கதி. துபாயிலோ சென்னையிலோ இருக்கும் உரிமையாளர் ஜிபிஏ கொடுத்துவிட்டு ஒதுங்க முடியாது. அவர் நேரில் அறிந்ததை ஜிபிஏ வைத்திருப்பவர் அவருக்காகச் சொல்ல முடியாது என்பது நிலைத்த சட்டம். கன்னடமோ இங்கிலீஷோ படிக்கத் தெரியாத அம்மா பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திட்டால், தமிழில் படித்து விளக்கப்பட்டது என்ற குறிப்பு அதில் இருக்க வேண்டும், நிஜமாகவே படித்தும் காட்ட வேண்டும். மதில் எப்போது எழுந்தது என்று காட்ட பழைய செயற்கைக்கோள் படங்களும் மொபைல் படங்களும் உதவும், மின்னணு ஆவணத்துக்கான சான்றிதழோடு. முத்திரைக் கட்டணம் குறைந்த பழைய ஒப்பந்தத்தை ஆவணமாகக் குறியிட வேண்டுமென்றால் குறைவும் பத்து மடங்கு அபராதமும் கேட்பார்கள். முன்பே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

உரிமைச் சண்டை இல்லாத வெறும் எல்லைத் தகராறு என்றால், கமிஷனர் வரைபடம் வந்த கையோடு மத்தியஸ்தம் கேளுங்கள். பெங்களூர் மத்தியஸ்த மையம் 2007 முதல் இயங்குகிறது. அளவு கண்ணுக்கு முன்னால் இருக்கும்போது 80 சதுர அடிக்கு விலை பேசி முடிப்பது பல நேரம் இருவருக்குமே லாபம். லோக் அதாலத்தில் முடித்தால் கட்டிய கோர்ட் ஃபீஸ் திரும்பக் கிடைக்கும், அப்பீலும் கிடையாது. சமரச டிக்ரியில் வழக்குச் சொத்து மட்டும் இருந்தால் பதிவு தேவையில்லை. வேறு சொத்தைச் சேர்த்தால் பதிவு செய்தாக வேண்டும். பெண்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு.

டிக்ரி கிடைத்தும் எதிராளி மதிலை எடுக்காவிட்டால் நிறைவேற்று மனு. கட்டாய உறுத்துக்கட்டளைக்கு மூன்று ஆண்டு, சுவாதீனத்துக்கு 12 ஆண்டு, நிரந்தர உறுத்துக்கட்டளைக்குக் காலக்கெடு இல்லை. அமீனோடு சர்வேயரும் வர உத்தரவு கேளுங்கள், தேவைப்பட்டால் போலீஸ் பாதுகாப்பும். வழக்கு நடக்கும்போது அவர் இடத்தை வேறொருவருக்கு விற்றிருந்தாலும் அந்த டிக்ரி வாங்கியவரையும் கட்டும். சுவாதீனம் எடுத்த அன்றே நான்கு மூலைக்கும் கல் நட்டு, படமெடுத்து, அமீன் அறிக்கையில் அளவுகளை எழுதச் சொல்லுங்கள். பிறகு டிக்ரியின் சான்றிட்ட நகலைக் கொடுத்து இ-கத்தாவில் அளவும் எல்லையும் டிக்ரியோடு பொருந்துகிறதா என்று சரிபார்த்து, பொருந்தாவிட்டால் திருத்த மனுக் கொடுத்து ஒப்புதல் சீட்டு வாங்கி வையுங்கள்.